தெய்வக் குடும்பங்களும் உறவுப் பெயர்களும்: கிரேக்கத் தொன்மமும் தமிழ் மரபும்

முன்னுரை

தெய்வங்களைத் தாயாகவும் தந்தையாகவும் மக்களாகவும் உறவுபடுத்திக் காண்பது பழஞ்சமுதாயங்கள் பலவற்றிற்கும் பொதுவான பண்பாகும். எனினும் அவ்வுறவுகள் எல்லா இடத்தும் ஒரே தன்மையன அல்ல. ஒரு சமுதாயம் எவரை நெருங்கிய உறவினராகக் கொண்டது, எவரை மணத்திற்கு உரியவராக ஏற்றது, எவரிடத்து அஞ்சியது என்பனவற்றை அதன் தெய்வக் கதைகள் காட்டுகின்றன. இக்கட்டுரையில் கிரேக்கத் தெய்வங்களின் உறவுமுறையைத் தமிழர் கண்கொண்டு நோக்கி, அந்நோக்கு நம் வகுப்பறைகளுக்கு எவ்வாறு பயன்படும் என்பதைப் புக்கிட் மெர்தாஜாம் சூழலோடு இணைத்து ஆராய முற்படுகிறோம்.

தந்தையும் மகனும்

ஏறத்தாழ கி.மு. 700ஐ ஒட்டி வாழ்ந்த ஹெசியட், தம் ‘தியோகனி’ என்னும் நூலில் கிரேக்கத் தெய்வங்களின் வழிமுறையைத் தொகுத்துரைத்தார். வானமாகிய யுரேனஸ் தன் மக்களைப் பூமித்தாயின் வயிற்றிலேயே அடைத்து வைக்கிறான். மகன் குரோனஸ் தந்தையை வெட்டி வீழ்த்தி ஆட்சி கொள்கிறான். தனக்கும் அதே கதி நேருமென அஞ்சிய குரோனஸ், பிறந்த பிள்ளைகளை ஒவ்வொருவராக விழுங்குகிறான். மனைவி ரியா கடைசி மகன் சியூஸைக் கிரீட் தீவில் மறைத்துவிட்டுக் கல்லைத் துணியில் சுற்றிக் கொடுக்கிறாள். வளர்ந்த சியூஸ் தந்தையை வெல்கிறான். பின்னர், தன்னை மிஞ்சும் மகன் பிறந்துவிடக் கூடாதெனக் கருவுற்ற மனைவி மேட்டிஸையே விழுங்கிவிடுகிறான்.

மூன்று தலைமுறையிலும் சிக்கல் ஒன்றே: தந்தையின் இடத்தை மகன் எவ்வாறு பெறுவது? கிரேக்கத் தெய்வக் குடும்பத்தின் அச்சு தந்தை-மகன் உறவிலேயே சுழல்கிறது எனலாம்.

அண்ணன், தங்கை, மருகன்

தமிழ் மரபில் அச்சு வேறிடத்தில் உள்ளது. இங்கு மகன் தந்தையை வீழ்த்துவதில்லை. முருகன் தந்தைக்கே பொருள் உரைத்தபோதும் அது ஆட்சிப் போர் ஆகவில்லை. நம் தெய்வங்களைப் பிணைப்பது உடன்பிறந்தாள் வழி வரும் உறவாகும். உமை திருமாலின் தங்கை. ஆதலின் முருகன் திருமாலுக்கு மருகன். கச்சியப்ப சிவாச்சாரியாரின் கந்தபுராணம் இதனை மேலும் நெருக்கமாக்குகிறது. வள்ளியும் தெய்வயானையும் முற்பிறப்பில் திருமாலின் புதல்வியராகிய சுந்தரவல்லியும் அமுதவல்லியும் ஆவர் என்கிறது அந்நூல். எனவே முருகன் மணந்தது தாய்மாமன் மகளிரையே. தங்கை மகனையும் மகளின் கணவனையும் ‘மருமகன்’ என்னும் ஒரே சொல்லால் தமிழர் குறிப்பதன் காரணமும் இதில் விளங்குகிறது. பிரெஞ்சு மானிடவியலர் லூயி துய்மோன் 1957இல் வெளியிட்ட ஆய்வுகளில், தென்னிந்திய உறவுமுறையின் அடிப்படை இம்மண உறவே என நிறுவினார்.

இவ்வுறவு ஏட்டளவில் நின்றுவிடவில்லை. தைப்பூசத்தன்று சமயபுரம் மாரியம்மன் கொள்ளிடக் கரைக்கு எழுந்தருளித் தன் அண்ணனாகிய திருவரங்கத்து அரங்கநாதரிடமிருந்து சீர் பெறும் வழக்கம் உள்ளது. சைவம், வைணவம் என்னும் வேலியை அண்ணன் சீர் கடந்து செல்கிறது. பினாங்கில் 2017ஆம் ஆண்டு முதல் குயின் வீதி மாரியம்மன் ஆலயத்திலிருந்து தங்கரதம் வேலைச் சுமந்து தண்ணீர்மலை முருகனை நோக்கிப் புறப்படுகிறது. அன்னை மைந்தனுக்கு வேல் அளித்தாள் என்னும் கதையை அறிந்தவர்க்கு அவ்வூர்வலத்தின் பொருள் சொல்லாமலே விளங்கும்.

ஹேடிஸ் யார்?

இரு முறைகளின் வேறுபாட்டைக் காட்ட ஓர் எடுத்துக்காட்டுப் போதும். பாதாள வேந்தன் ஹேடிஸ், டிமீட்டரின் மகள் பெர்செபொனியைக் கவர்ந்து சென்று மணக்கிறான். சியூஸ் அதற்குத் தாயறியாமல் இசைவளித்திருந்தான். ஆங்கில நூல்கள் ஹேடிஸைப் பெர்செபொனியின் ‘அங்கிள்’ என்று கூறி நிறுத்திக்கொள்ளும். தமிழ் மாணவன் அவ்வாறு நிறுத்த இயலாது. எந்த வழியில் உறவு என வினவ வேண்டும். ஹெசியட் கூறும் வரிசைப்படி ஹேடிஸ் சியூஸுக்கு மூத்தவன். ஆகவே பெண்ணுக்குப் பெரியப்பா. ஆனால் டிமீட்டருக்கும் அவன் உடன்பிறந்தான். ஆகவே தாய்மாமனும் ஆகிறான். தமிழரிடையே முன்னவன் தந்தைக்கு நிகர். மண உறவு நினைக்கவும் தகாதது. பின்னவனோ பல குடியினரிடையே மணத்திற்கு உரியவன். உடன்பிறந்தோராகிய சியூஸும் டிமீட்டரும் பெற்றோர் ஆனதால் தமிழ்ச் சொற்கள் இரண்டும் ஒருவன்மேல் மோதிக்கொள்கின்றன.

கிரேக்கர்க்கு இம்முரண் தோன்றவில்லை. ஏதென்ஸ் நகரில் ஆண்வாரிசின்றித் தந்தை இறந்தால், மகளை மணக்கும் உரிமை தந்தையின் உடன்பிறந்தானுக்கே முதலில் சென்றது. சொத்து தந்தை வழியை விட்டு நீங்காதிருக்க அது வகுக்கப்பட்டது.

இவ்வேறுபாடு மலேசியச் சட்டத்திலும் தடம் பதித்துள்ளது. 1976ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டம் பெற்றோரின் உடன்பிறந்தாரை மணப்பதைத் தடை செய்கிறது. எனினும் இந்து வழக்கப்படி தாயின் உடன்பிறந்தானை மணப்பதற்கு அது விலக்களிக்கிறது. ஆங்கிலத்தில் அதனை ‘தாயின் சகோதரன்’ என விரித்தே எழுத வேண்டியதாயிற்று. தமிழில் ‘தாய்மாமன்’ என்னும் ஒரு சொல் போதும்.

புக்கிட் மெர்தாஜாமின் பாட்டி

புக்கிட் மெர்தாஜாம் குன்றடியில் அமைந்த புனித அன்னம்மாள் திருத்தலத்தின் பழைய ஆலயம் 1888இல் எழுந்தது. புதிய ஆலயம் 2002இல் அமைந்தது. 2019இல் அது சிறு பசிலிக்காவாக உயர்த்தப்பட்டது. ஜூலை 26ஆம் நாளையொட்டிய திருவிழாவில் தமிழர், சீனர், பிற சமயத்தார் எனப் பலரும் மெழுகுவத்தி ஏந்திக் கூடுகின்றனர்.

அன்னம்மாள் மரியாளின் தாய். இயேசுவின் தாய்வழிப் பாட்டி. இவர் பெயர் விவிலியத்தில் இல்லை. இரண்டாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட, யாக்கோபின் பெயரால் வழங்கும் முதல் நற்செய்தி என்னும் நூலே இவர் வரலாற்றைத் தருகிறது. மரியாளுக்கும் ஒரு தாய் இருந்திருப்பாளே என்னும் மக்களின் வினாவுக்கு அந்நூல் விடையளித்தது. பழைய கிரேக்கக் கதையிலும் ஒரு பாட்டி உண்டு. மகளை இழந்து நிலத்தை வறளச் செய்த டிமீட்டரைச் சமாதானப்படுத்தச் சியூஸ் இறுதியில் அனுப்புவது தாய் ரியாவையே. தந்தையர் மூட்டிய பகையைப் பாட்டி தணிக்கிறாள்.

முடிவுரை

கரும்பு, ரப்பர்த் தோட்டங்களுக்கு வந்த செபராங் பிறைத் தமிழர், அம்மாயி, அப்பாயி, அத்தை, சித்தி என்னும் சொற்களோடுதான் வந்தனர். இன்று அவ்விடத்தில் ‘ஆன்ட்டி’, ‘அங்கிள்’ என்பன அமர்ந்து வருவதை ஆசிரியர்கள் நாள்தோறும் காண்கிறோம். இதனை வெறும் மொழிக் கலப்பாக மட்டும் கருதுதல் பொருந்தாது. பெரியப்பாவும் தாய்மாமனும் ஒரே ‘அங்கிள்’ ஆகிவிட்டால், மால்மருகன் என்னும் பெயரும், அரங்கநாதர் அனுப்பும் சீரும் மாணவர்க்குப் பொருளற்ற ஒலியாகவும் சடங்காகவும் எஞ்சும். உறவுப் பெயர்களைப் பட்டியலாக மனப்பாடம் செய்விப்பதைவிட, பெர்செபொனியின் கதையைச் சொல்லி ‘ஹேடிஸ் அவளுக்கு என்ன முறை?’ என வினவுவது பயன் தரும். விடை காண முயலும் மாணவன் கிரேக்கரை அறிவதோடு, தன் வீட்டாரையும் முறையிட்டு அழைக்கக் கற்றுக்கொள்வான்.