பின்கொய்யகமும் பெல்ட்டும்

ஆனி மாதம். நயினாதீவு நாகபூசணி அம்மன் திருவிழாவுக்குப் போக குறிகாட்டுவானில் படகு ஏறினோம். எங்களில் ஒருத்தி பிளவுசுக்குப் பதிலாக சேர்ட் போட்டு, சீலைக்கு மேல் பெல்ட் கட்டியிருந்தாள். பக்கத்தில் இருந்த அம்மா ஒருவர் கேட்டார்: "இதென்ன பிள்ளை கோலம்? எங்கட பண்பாடு எங்க போட்டுது?"

நல்ல கேள்விதான். கரைக்கு வந்த பிறகும் அது எங்களை விடவில்லை. எது எங்கட பண்பாடு? எப்ப தொடக்கம்?

முன்னுக்குக் கொய்யகம், இடத்தோளில் தலைப்பு, உள்ளுக்குப் பாவாடை, மேலே பிளவுஸ். இதைத்தான் 'ஒழுங்கான' சீலை என்கிறோம். இந்த முழு செட்டுக்கும் வயது ஏறக்குறைய 150 வருசம்தான். தாகூரின் அண்ணி ஞானதானந்தினி தேவி 1860களில் கணவரோடு பம்பாய் போனார். அங்கே பார்சிப் பெண்கள் உடுத்த விதத்தைப் பார்த்து, வெளியில் போகத் தோதாகச் சீலைக்கட்டை மாற்றினார். பிளவுசும் பாவாடையும் சேர்ந்த அந்தக் கட்டை வங்காளத்துக்கும் கொண்டுபோனார்.

அப்ப எங்கட ஊரில? எங்கட பூட்டிமார் பின்கொய்யகம் வைத்துத்தான் உடுத்தினார்கள். மடிப்பு பின்னால் இருக்கும். தண்ணி அள்ள, தோட்டத்தில் குனிய கால் தடக்காது. இன்று அதைப் பழைய படங்களில்தான் பார்க்கிறோம்.

இதில் கசப்பான பக்கமும் உண்டு. யாழ்ப்பாணத்தில் ஒடுக்கப்பட்ட சாதிப் பெண்கள் மேற்சட்டை போடத் தடை இருந்தது. 20ஆம் நூற்றாண்டிலும் அது நீடித்தது. கடலுக்கு அங்கால், திருவிதாங்கூரில் நாடார் பெண்கள் பல காலம் போராடி 1859இல்தான் மேலாடைக்கு அனுமதி பெற்றார்கள். அதுவும் 'மேல்சாதிப் பெண்களைப் போல் உடுக்கக்கூடாது' என்ற நிபந்தனையோடு. அன்றைக்குச் சட்டை போட்டால் பண்பாடு கெட்டது. இன்றைக்குச் சட்டை மாறினால் பண்பாடு கெடுகிறது. சட்டம் தலைகீழாகிவிட்டது, அதட்டும் குரல் மட்டும் மாறவில்லை.

கலியாணக் கூறைக்குப் பெயர்போனது தமிழ்நாட்டுக் கூறைநாடு. ஊர்காவற்றுறை ஒரு காலத்தில் இந்தியாவோடு பாய்க்கப்பல் வியாபாரம் நடந்த துறைமுகம். புடவையும் கடலால் வந்தது, உடுக்கிற விதமும் ஊர் ஊராய் மாறி வந்தது. ரிதா கபூர் சிஷ்டி மட்டும் 108 சீலைக்கட்டுகளைப் பதிவு செய்திருக்கிறார்.

அந்த அம்மாவோடு எங்களுக்குக் கோபமில்லை. அடுத்த முறை ஆரும் அப்பிடிக் கேட்டால் நாங்களும் ஒன்று கேட்கப் போகிறோம்: "உங்கட அம்மம்மா எப்பிடி உடுத்தவ? ஒருக்கா கட்டிக் காட்டுங்கோவன்." போனில் பதிந்து வைப்போம். பின்கொய்யகம் தெரிந்த கைகள் குறைந்துகொண்டு வருகின்றன.