இணையவழி வீட்டுமனைத் தளங்கள்: தாம்பரமும் சென்னையின் தென்புறநகரும்

வீடு, மனை, அடுக்குமாடிக் குடியிருப்பு ஆகியவற்றின் விற்பனை, வாடகை விவரங்களைத் திரட்டி, இணையத்திலும் கைப்பேசிச் செயலியிலும் தேட வசதி செய்து தரும் வணிக நிறுவனங்கள் இணையவழி வீட்டுமனைத் தளங்கள் எனப்படுகின்றன. இந்தியாவில் இவை 2005-ஐ ஒட்டி வேரூன்றின. பல்லாவரத்தில் தொடங்கி தாம்பரம், வண்டலூர் வழியாகக் கூடுவாஞ்சேரி வரை நீளும் சென்னையின் தென்புறநகர் வளர்ந்த காலமும் இத்தளங்கள் வளர்ந்த காலமும் ஒன்றே. எந்த வீடு காலி, என்ன வாடகை என்ற தகவல் தரகரின் கையிலிருந்து தேடுபவரின் கைக்கு வந்தது இவற்றால்தான். பத்திரம் சுத்தமா, மழைக்குத் தண்ணீர் ஏறுமா என்ற கேள்விகளுக்கோ விடை வேறிடத்தில் தேட வேண்டியிருந்தது.

முன்வரலாறு

சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே 1931-இல் மின்சார ரயில் ஓடத் தொடங்கியது. சென்னைக் கிறித்தவக் கல்லூரி 1937-இல் கிழக்குத் தாம்பரத்துக்கு இடம்பெயர்ந்தது. 1984-இல் நிறுவப்பட்ட மெப்ஸ் ஏற்றுமதி வளாகம், 2000-இல் தரமணியில் திறக்கப்பட்ட டைடல் பூங்கா, ஜி.எஸ்.டி. (கிராண்ட் சதர்ன் டிரங்க்) சாலையோரம் மறைமலைநகர் வரை அமைந்த தொழிற்சாலைகள் என வேலை தெற்கு நோக்கி நகர நகர, குடியிருப்பும் சேலையூர், செம்பாக்கம், சிட்லபாக்கம், முடிச்சூர், பெருங்களத்தூர் என்று பரவியது.

அப்போது வாடகை வீடு தேடியவருக்கு வாசலில் தொங்கும் ‘டு-லெட்’ பலகை, நாளிதழ் வரி விளம்பரம், தெருமுனை இஸ்திரிக் கடைக்காரர், புரோக்கர் ஆகியோரே துணை. வீடு அமைந்தால் புரோக்கருக்கு ஒரு மாத வாடகை கமிஷன். வீட்டுக்காரருக்குப் பத்து மாத அட்வான்ஸ். மனை விற்பனை வேறு விதமாக நடந்தது. ‘தாம்பரத்திலிருந்து 20 நிமிடம்’ என்று விளம்பரம் செய்து, தாம்பரத்திலிருந்து இலவச வேனில் ஏற்றிக்கொண்டு படப்பை, மணிமங்கலம் பக்கம் சைட் காட்டினார்கள். தாம்பரம் என்ற பெயருக்கு அப்போதே விளம்பர மதிப்பு இருந்தது.

தோற்றம்

வெளிநாடுகளில் இத்தொழில் முன்பே தொடங்கிவிட்டது. ஆஸ்திரேலியாவில் ஆர்.இ.ஏ. நிறுவனம் 1995-லும் பிரிட்டனில் ரைட்மூவ் 2000-லும் தொடங்கின. இந்தியாவில் நௌக்ரி வேலைவாய்ப்புத் தளத்தை நடத்திவந்த இன்ஃபோ எட்ஜ் நிறுவனம் 2005-இல் 99ஏக்கர்ஸ் தளத்தைத் தொடங்கியது. அடுத்த ஆண்டு டைம்ஸ் குழுமத்தின் மேஜிக்பிரிக்ஸ் வந்தது. 2007-இல் பெங்களூரில் பிறந்த காமன்ஃப்ளோர், அடுக்குமாடிக் குடியிருப்போர் சங்கங்களுக்கு மென்பொருள் தந்து, அந்தத் தொடர்பை வைத்தே விற்பனைப் பட்டியலுக்குள் நுழைந்தது.

சென்னைக்கும் இதில் பங்கு உண்டு. பாரத்மேட்ரிமோனியை நிறுவிய முருகவேல் ஜானகிராமனின் குழுமத்திலிருந்து இந்தியாபிராப்பர்ட்டி கிளம்பியது. வரன் தேடும் தளத்தில் பழகிய வடிகட்டித் தேடும் முறை வீட்டுக்கும் பொருந்தியது. சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட சுலேகா, பல சேவை விளம்பரங்களோடு வாடகை வீடுகளையும் பட்டியலிட்டது. ‘தி இந்து’ குழுமம் ரூஃப்அண்ட்ஃப்ளோர் தளத்தின் வழியே இத்துறையில் கால்வைத்தது. வரி விளம்பர வருமானம் இணையத்துக்கு ஒழுகுவதைக் கண்ட நாளிதழ்க் குழுமங்கள் தாமே தளம் நடத்த முன்வந்தது இயல்பு.

போட்டியும் இணைப்பும்

2012-இல் மும்பை ஐ.ஐ.டி. மாணவர்கள் தொடங்கிய ஹவுசிங் தளம், தன் ஆட்களை நேரில் அனுப்பிப் படமெடுத்து, வீட்டை வரைபடத்தில் புள்ளியாகக் காட்டியது. அதன் பிறகு வரைபடம் எல்லாத் தளங்களுக்கும் கட்டாயமானது. 2014 இறுதியில் ஹவுசிங்கில் ஜப்பானின் சாஃப்ட்பேங்க் 9 கோடி டாலர் முதலீட்டுக்குத் தலைமை தாங்கியது. 2015 ஜூலையில் தலைமை நிர்வாகி ராகுல் யாதவ் நீக்கப்பட்டார். 2017-இல் ஹவுசிங், மற்றொரு வீட்டுமனைத் தளமான பிராப்டைகருடன் இணைந்தது. பின்னர் அதன் கட்டுப்பாடு மேலே சொன்ன ஆர்.இ.ஏ. வசம் போயிற்று. காமன்ஃப்ளோரை 2016-இல் வரி விளம்பரத் தளமான குவிக்கர் வாங்கியது. இந்தியாபிராப்பர்ட்டியும் பின்னர் குவிக்கரிடமே சேர்ந்தது.

2014-இல் பெங்களூரில் தொடங்கி, பின்னர் சென்னைக்கும் வந்த நோபுரோக்கர் வேறு வழியில் போனது. வீட்டுக்காரர் நேரடியாகப் பதிவிட வேண்டும். தரகர் என்று தெரிந்தால் பதிவு நீக்கப்படும். தேடுபவருக்குச் சில தொடர்பு எண்கள் இலவசம்; மேலும் வேண்டுமானால் கட்டணத் திட்டம். ஒரு மாத வாடகையைக் கமிஷனாகக் கொடுத்துப் பழகியவருக்கு அந்தக் கட்டணம் சிறிதாகத் தெரிந்தது. 2021 நவம்பரில் நோபுரோக்கர் 21 கோடி டாலர் திரட்டி, நூறு கோடி டாலர் மதிப்பைத் தாண்டிய முதல் இந்திய வீட்டுமனைத் தொழில்நுட்ப நிறுவனமானது. ஆயினும் தரகர்கள் மறையவில்லை. மற்ற தளங்களில் அவர்களே மாதச் சந்தா கட்டும் வாடிக்கையாளர்கள் ஆனார்கள்.

பட்டியல் இயங்கும் விதம்

பெரும்பாலான தளங்களில் வீட்டுக்காரர் பதிவிடக் கட்டணம் இல்லை. வருமானம் கட்டுமான நிறுவனங்களின் விளம்பரம், தரகர் சந்தா, பட்டியலில் மேலிடம் பிடிக்கும் கட்டணம், ‘தொடர்புகொள்’ பொத்தானை அழுத்தியவரின் எண்ணைக் கைமாற்றுவது ஆகியவற்றால் வருகிறது. ஒருமுறை அழுத்தியவருக்கு ஒரு வாரம் போன் ஓயாதது இதனால்தான். ஒரே வீட்டை நான்கு தரகர்கள் நான்கு விலையில் போடுவதும், என்றோ குடி வந்துவிட்ட வீட்டைத் தூண்டிலாக விட்டுவைப்பதும் இம்முறையின் தீராத குறைகள்.

தென்புறநகர் வீட்டு விவரத்தில் சில அம்சங்கள் திரும்பத் திரும்ப வரும். ‘2 பிஎச்கே, 950 சதுர அடி’ என்றால் அது பெரும்பாலும் படிக்கட்டு, வராந்தாப் பங்கையும் சேர்த்த சூப்பர் பில்ட்-அப் அளவு. உள்ளே புழங்கும் இடம் அதைவிடக் குறைவு. நிலத்தில் வாங்குபவருக்குச் சேரும் பிரிக்கப்படாத பங்கான யுடிஎஸ் தனியே கேட்டறிய வேண்டியது. ‘ஸ்டேஷனிலிருந்து 5 நிமிடம்’ என்பது நடந்தா பைக்கிலா என்று விவரம் சொல்லாது. கிழக்குத் தாம்பரமா மேற்குத் தாம்பரமா என்பதும் முக்கியம்: நடுவே இருப்புப்பாதையும் ஜி.எஸ்.டி. சாலையும் குறுக்கிடுவதால், வரைபடத்தில் அருகிலிருக்கும் வீடு பயணத்தில் தூரமாகிவிடும். போர் தண்ணீர் உப்பா, கோடையில் லாரித் தண்ணீரா என்பதற்குப் பல பட்டியல்களில் கட்டமே இல்லை.

2015 வெள்ளம்

2015 டிசம்பர் 2 காலையுடன் முடிந்த 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் 49 செ.மீ. மழை பதிவானது. அடையாறு கரைபுரண்டு முடிச்சூர், வரதராஜபுரம் வீடுகளில் தண்ணீர் ஏறியது. அதுவரை வண்டலூர்-மீஞ்சூர் வெளிவட்டச் சாலைக்கு அருகில் என்பதே அப்பகுதி மனைகளின் பெருமை. அதன் பிறகு, வீடு பார்க்க வருபவர் முதலில் கேட்பது ‘வெள்ளத்தில் எவ்வளவு தண்ணீர் நின்றது’ என்பதே. ‘தண்ணீர் நிற்காத பகுதி’ என்ற வாசகமும் விளம்பரத்தில் இடம்பிடித்தது. அது பதிவிடுபவரின் கூற்றே. தளம் சரிபார்த்த தகவல் அல்ல.

சட்டமும் ஆவணங்களும்

2016 செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அங்கீகாரமற்ற மனைகளைப் பத்திரப் பதிவு செய்யத் தடை விதித்தது. 2016 அக்டோபர் 20 வரை விற்கப்பட்ட மனைகளை வரன்முறைப்படுத்த 2017 மே மாதம் விதிகள் வந்தன. ‘சிஎம்டிஏ அப்ரூவ்டு’, ‘டிடிசிபி அப்ரூவ்டு’ (முன்னது பெருநகர வளர்ச்சிக் குழுமம், பின்னது நகர் ஊரமைப்பு இயக்ககம்) என்ற சொற்கள் வெறும் அலங்காரமாக இல்லாமல், விற்க முடியுமா என்பதையே தீர்மானிப்பவை ஆயின. சிஎம்டிஏவின் பழைய பெருநகர் எல்லை வண்டலூர் பக்கத்தோடு முடிந்ததால், தெற்கே கூடுவாஞ்சேரி மனைகள் டிடிசிபி கீழ் வந்தன. 2022-இல் பெருநகரப் பகுதி 1,189 சதுர கிலோமீட்டரிலிருந்து 5,904 ஆக விரிக்கப்பட்டது.

2016-இல் நாடாளுமன்றம் இயற்றிய ரெரா என்ற வீட்டுமனை ஒழுங்குமுறைச் சட்டத்துக்கான தமிழ்நாட்டு விதிகள் 2017 ஜூனில் வெளியாயின. திட்டத்தையும் தரகரையும் பதிவு செய்யாமல் விற்கக்கூடாது. விளம்பரத்தில் பதிவு எண் காட்ட வேண்டும். 500 சதுர மீட்டருக்கு மிகாத நிலத்திலோ, எட்டுக்கு மிகாத வீடுகளாகவோ அமையும் திட்டங்களுக்கு விலக்கு உண்டு. 500 சதுர மீட்டர் என்பது இரண்டு கிரவுண்டுக்குச் சற்று அதிகம். சிட்லபாக்கம், சேலையூர்த் தெருக்களில் ஒன்றிரண்டு கிரவுண்டில் எழும் சிறு பிளாட்டுகள் பலவும் இந்த விலக்கில் அடங்கும். அவற்றுக்கு ரெரா எண் இல்லாததை வைத்து நல்லதா கெட்டதா என்று முடிவு கட்ட முடியாது. கட்டட வரைபட அனுமதியையே பார்க்க வேண்டும்.

2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு வாடகைச் சட்டம் எழுத்து ஒப்பந்தத்தைக் கட்டாயமாக்கியது. இரு தரப்பும் வேறுவிதமாக ஒப்புக்கொண்டாலன்றி அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் போகக்கூடாது என்றது. தளங்கள் ஒப்பந்தம் தயாரித்துத் தருவதையும் கட்டணச் சேவையாக்கின.

இன்றைய நிலை

2021 நவம்பரில் ஐந்து நகராட்சிகளும் ஐந்து பேரூராட்சிகளும் இணைந்து தாம்பரம் மாநகராட்சி உருவானது. 2023 டிசம்பர் இறுதியில் கிளாம்பாக்கம் பேருந்து முனையம் திறக்கப்பட்டதும், ‘கிளாம்பாக்கம் அருகில்’ என்பது வண்டலூர், ஊரப்பாக்கம் விளம்பரங்களின் புதிய அடையாளமானது. இப்போது வில்லங்கச் சான்றைப் பதிவுத்துறை இணையதளத்திலும், பட்டா, புல வரைபடத்தை வருவாய்த்துறைச் சேவையிலும் வீட்டிலிருந்தே பார்க்கலாம். ஆகவே வாங்குபவர் வீட்டைத் தனியார் தளத்தில் தேடி, அதன் நிலத்தை அரசுத் தளத்தில் சரிபார்க்கிறார். மூலப்பத்திரத்தைப் படித்துக் கருத்துச் சொல்லும் வழக்கறிஞரின் வேலையை இவ்விரண்டில் எதுவும் இன்னும் ஏற்கவில்லை.