கோஜி கோண்டோவின் விளையாட்டிசை: ஒலிப்பதிவா, நிரலா?

2023 ஏப்ரலில் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் தன் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ விளையாட்டின் இசையைச் சேர்த்தது. காணொளி விளையாட்டு இசை அப்பட்டியலில் இடம்பெற்றது அதுவே முதன்முறை. அதனை இயற்றியவர் ஜப்பானின் நகோயா நகரில் 1961-இல் பிறந்த கோஜி கோண்டோ. ஆயினும் 1985-இல் வெளியான அவ்விளையாட்டினுள் ஒலிப்பதிவு என்று எதுவும் இல்லை.

ஒசாகா கலைப் பல்கலைக்கழகத்தில் பயின்ற கோண்டோ, 1984-இல் நிண்டெண்டோ நிறுவனத்தில் பணியேற்றார். அந்நிறுவனத்தின் ஃபேமிகாம் கருவியிலிருந்த ஒலிச்சில்லு ஐந்து தடங்களைக் கொண்டது: துடிப்பலைத் தடங்கள் இரண்டு, முக்கோண அலைத்தடம் ஒன்று, இரைச்சல் தடம் ஒன்று, முன்பே பதிவுசெய்த ஒலித்துணுக்குகளுக்கான தடம் ஒன்று. பதிவொலிக்கு இடமளித்த இவ்வைந்தாம் தடத்தை மாரியோ விளையாட்டு பயன்படுத்தவே இல்லை. படங்களும் இயக்கமும் இசையும் சேர்ந்து 40 கிலோபைட்டுக்குள் அடங்கின. அதில் இருந்தவை எந்தச் சுரம், எத்துணை நேரம் என்னும் கட்டளைகள் மட்டுமே. அவற்றைப் படித்துச் சில்லு ஒவ்வொரு முறையும் ஒலியைப் புதிதாக எழுப்பியது.

கருவியின் வறுமையே கோண்டோவின் இசையை உருவாக்கியது என்னும் கருத்து பரவலானது. அது பாதி உண்மையே. ஆடுபவரின் செயலும் அவ்விசையில் பங்கு கொள்கிறது. மாரியோ குதிக்கும்போதும் நாணயம் எடுக்கும்போதும் எழும் ஒலிகள் இசைக்குரிய துடிப்பலைத் தடங்களையே கடன் வாங்குகின்றன. அக்கணம் இசையின் ஓரிழை அறுந்து மீள்கிறது. எஞ்சிய நேரம் 100 அலகுக்குக் கீழிறங்கினால் இசையின் வேகம் கூடுகிறது. ஆகவே இருவர் ஆடும்போது கேட்கும் இசை முற்றும் ஒன்றாக இருப்பதில்லை. கோண்டோ எழுதியது குறுக்கீட்டைத் தாங்கி நிற்கும் இசை எனலாம்.

1998-இல் வெளிவந்த ‘ஒக்கரினா ஆஃப் டைம்’ விளையாட்டில் இப்பங்கு வெளிப்படையாகிறது: அங்கு ஆடுபவரே குழலில் மெட்டுகளை வாசித்தாக வேண்டும். மகிதோ யோகோதாவுடன் கோண்டோ பணியாற்றிய ‘சூப்பர் மாரியோ கேலக்ஸி’ விளையாட்டில் (2007) இசைக்குழு வாசித்த பதிவுகள் இடம்பெற்றன. ஒலிப்பதிவு என்னும் சொல் அதற்கு இயல்பாகப் பொருந்தும்.

1985-ஆம் ஆண்டு விளையாட்டின் நிலை வேறு. அதன் முடிவில் இயற்றியவர் பெயர்கூடக் காட்டப்படுவதில்லை. பெயரை நிலைநிறுத்தியதில் நூலகப் பட்டியலுக்குத் தனி மதிப்புண்டு. எனினும் அவ்விசையைத் தனியே பதிவுசெய்து பேணினால் ஆடுபவரின் பங்கு மறைகிறது. ஆட்டத்தோடு பதிவுசெய்தால் யாரோ ஒருவருடைய குதிப்புகள் அதில் நிலைத்துவிடுகின்றன. நிரலையும் அதனை ஒலிக்கச் செய்யும் சில்லையும் சேர்த்தே பேணவேண்டியிருப்பது இதனாலேயே.