தெருப்பாடகர் திரைக்கு வந்த வரலாறு

பேர்லின் நகரத்துப் பழைய குடியிருப்புக்களின் நடுவே, நாற்புறமும் உயர்ந்த சுவர்கள் சூழ்ந்த முற்றங்கள் உண்டு. அம்முற்றங்களிலே அக்கோடியனையும் சிறு மணிகளையும் இசைத்துப் பழம்பாடல்களைப் பாடித் திரிந்தார் ஒருவர். புறூனோ எஸ். என்று திரையுலகம் பின்னர் அறிந்த புறூனோ ஷ்லைன்ஸ்டைன் அவரே.

1932ஆம் ஆண்டிற் பிறந்த அவர், இளமையிலேயே தாயாற் கைவிடப்பட்டு, ஏறத்தாழ 23 ஆண்டுகளை அநாதை இல்லங்களிலும் மனநோயாளர் விடுதிகளிலும் கழித்தார். அந்நாளில் ஜேர்மனியை ஆண்ட நாசிகள் மனநலங் குன்றியோரை நாட்டுக்குச் சுமையெனக் கருதிப் பல்லாயிரவராகக் கொன்றனர். அதனை எண்ணுமிடத்து, புறூனோ உயிர் தப்பியதே பெரிதாகும். வெளிவந்தபின் தொழிற்சாலையிற் பாரந்தூக்கும் வண்டியை ஓட்டிப் பிழைத்தார். இசையைத் தாமே பயின்றார். தாம் பாடுவதாக அவர் கூறுவதில்லை. பாடலைப் பிறருக்குக் கடத்துவதாகவே கூறுவார். தம்மைப் பற்றிப் பேசும்போதும் வேறொருவரைப் பற்றிப் பேசுவது போலவே பேசுவார்.

இஃது இவ்வாறிருக்க, 1962ஆம் ஆண்டில் ஓபர்ஹவுசன் நகரிலே 26 இளங் கலைஞர் கூடி, பழைய ஜேர்மன் சினிமா இறந்துவிட்டதெனப் பிரகடனஞ் செய்தனர். பெருமுதலாளிகளைச் சாராத புதிய திரைப்படங்கள் தோன்றலாயின. அத்தகைய படங்களை எடுத்தோருள் ஒருவர் வேர்னர் ஹெர்சோக். புறூனோவைப் பற்றி லுட்ஸ் ஐஸ்ஹோல்ஸ் 1970இல் ஆக்கிய விவரணப் படத்தைக் கண்ட அவர், தாம் தேடிய நாயகன் இவரே எனத் தெளிந்தார்.

நாயகனின் பெயர் கஸ்பார் ஹவுசர். 1828ஆம் ஆண்டு நியூரம்பேர்க் நகரத் தெருவிலே, பேசவும் நன்கறியாது திகைத்து நின்ற இளைஞன் அவன். இருட்டறையிலே தனித்து வளர்க்கப்பட்டவன் எனச் சொல்லப்பட்டது. 1833இற் கத்திக் காயத்தால் மாண்டான். அவன் யார் என்பது இன்றும் விடுபடாத புதிர். பதினாறு வயதினனாகிய அவனாக நடித்த புறூனோவுக்கோ வயது நாற்பதைக் கடந்துவிட்டது. நடிப்புப் பயிற்சியும் இல்லை. ஆயினும் அடைபட்டு வளர்ந்தவனின் திகைப்பை அவர் எவரிடமும் கற்கவேண்டியிருக்கவில்லை. 1974இல் வெளிவந்த அப்படம், அடுத்த ஆண்டு கான் விழாவில் நடுவர் குழுவின் பெரும்பரிசைப் பெற்றது.

பின்னர் 'வொய்செக்' நாடகப் படத்தில் நடிக்கும் வாய்ப்பு அவருக்கு வாக்களிக்கப்பட்டு, கிளவுஸ் கின்ஸ்கிக்குச் சென்றது. அதற்கு ஈடாக ஹெர்சோக் அவருக்கெனவே 'ஸ்ட்ரொசெக்' என்னும் கதையை எழுதினார். 1977இல் வெளிவந்த அப்படத்திலே புறூனோவின் சொந்த வீடும் சொந்த வாத்தியங்களும் இடம்பெற்றன.

துன்புற்ற ஒருவரின் வாழ்வைக் கலைஞர் தமக்குப் பயன்படுத்திக் கொண்டனரோ எனக் கேட்டோர் உளர். அக்கேள்வி எளிதில் ஒதுக்கத்தக்கதன்று. ஏனெனில், புகழ் அடங்கியதும் புறூனோ மீண்டும் தொழிற்சாலைக்கும் தெருவுக்குமே திரும்பினார். எனினும், தம் படங்களில் நடித்த அனைவருள்ளும் அவரே சிறந்தவர் என்று ஹெர்சோக் பிற்காலத்திற் போற்றினார். 2010ஆம் ஆண்டு, 78ஆம் வயதில், புறூனோ பேர்லினிலேயே காலமானார். பயனற்றவரென ஓர் அரசு ஒதுக்கிய அம்மனிதரின் முகமும் குரலும் அவ்விரு படங்களிலும் இன்றும் வாழ்கின்றன.