தாமஸ் ஹிக்கியும் சுவடி ஏந்திய பண்டிதரும்

தென்பெண்ணைக் கரையில் வாழும் நமக்கு ஊர் வரலாறு கல்லிலும் ஓலையிலும் கிடைக்கிறது. பாரி மகளை மலையனுக்கு மணம் செய்து கொடுத்தபின் கபிலர் தீப்புகுந்த செய்தியைத் திருக்கோவலூர் வீரட்டானேசுவரர் கோயில் கல்வெட்டு சொல்கிறது. இத்தகைய சான்றுகளைத் தேடிப் படியெடுத்த நம் நாட்டு அறிஞர்கள் சிலரின் முகத்தை ஓர் ஓவியம் காத்து வைத்திருக்கிறது. அதை வரைந்த தாமஸ் ஹிக்கியை மணலூர்பேட்டையில் மலரும் இம்மலரில் நினைவுகூர்வது தகும்.

ஹிக்கி 1741-இல் டப்ளினில் மிட்டாய் வணிகர் ஒருவரின் மகனாகப் பிறந்தார். இத்தாலியில் பயின்று, லண்டனிலும் பாத் நகரிலும் உருவப்படங்கள் வரைந்தார். ஓவியர்கள் ரெனால்ட்ஸும் கெயின்ஸ்பரோவும் அங்கே கொடிகட்டிப் பறந்த காலம் அது. 1769-இல் சென்னை வந்து ஆர்க்காட்டு நவாப் முகமது அலியை வரைந்த டில்லி கெட்டில், மற்ற ஓவியர்களுக்கும் கிழக்கே வழி காட்டியிருந்தார். 1780-இல் ஹிக்கி கப்பலேறினார். வழியில் பிரெஞ்சு, ஸ்பானியக் கடற்படைகள் கப்பலைப் பிடித்துக்கொண்டன. லிஸ்பனில் தங்கிவிட்டு 1784-இல்தான் கல்கத்தா சேர்ந்தார். பின்னர் மெக்கார்ட்னி தூதுக்குழுவின் ஓவியராகச் சீனாவும் சென்றார்.

1798-இல் சென்னை வந்தார். மறு ஆண்டு திப்பு சுல்தானின் ஸ்ரீரங்கப்பட்டணம் ஆங்கிலேயரிடம் வீழ்ந்ததும், அப்போரில் பங்குகொண்ட ஐம்பதுக்கும் மேற்பட்ட அதிகாரிகளைச் சுண்ணக்கோலால் தீட்டினார். திப்புவின் மைந்தர்களையும் வரைந்தார். வென்றவர் முகமும் தோற்றவர் முகமும் அவர் கையால் பதிவாயின.

அவருடைய படைப்புகளில் என் மனம் பெரிதும் தங்குவது சுவடிகளும் கல்வெட்டுப் படிகளும் திரட்டிய கர்னல் காலின் மெக்கன்சியை 1816-இல் வரைந்த படம். நடுவே சிவப்புச் சீருடையில் மெக்கன்சி. அருகில் ஓலைச்சுவடியோடு சமணப் பண்டிதர் தர்மையா, தொலைநோக்கியோடு சேவகர் கிஷ்ணாஜி, உடன் காவலி வெங்கட லட்சுமையா என்று ஆய்வாளர்கள் அடையாளம் காண்கின்றனர். பின்னணியில், தொலைவில் கார்க்களத்துக் கோமதீசுவரர். துரையை மட்டும் வரைந்தாலும் ஓவியருக்குரிய கூலி கிடைத்திருக்கும். ஆனால் அறிவை அளந்து தந்தவர்களும் அதே சட்டத்துக்குள் நிற்கிறார்கள்.

மெக்கன்சி தொகுப்பில் 8,076 கல்வெட்டுப் படிகள் இருந்ததாகக் கணக்கு. அவற்றுக்குப் பின்னே இருந்த உழைப்பு பெரும்பாலும் நம்மவர்களுடையது. 1821-இல் மெக்கன்சி இறந்தபின் அப்பணியைத் தொடர லட்சுமையா விரும்பினார். கல்கத்தா ஆசியக் கழகம் அவருக்கு அந்தத் தகுதி இல்லை என்று ஒதுக்கியது. கிழக்கிந்தியக் கம்பெனியின் நிலையான ஓவியர் பதவி ஹிக்கிக்கும் வாய்க்கவில்லை. 1824-இல் சென்னையிலேயே காலமானார். அந்த ஓவியம் இன்று லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது.

தைத் திங்கள் ஐந்தாம் நாள் அண்ணாமலையார் தீர்த்தவாரிக்கு எழுந்தருளும் ஊர் இது. இவ்வூரின் வரலாற்றை எழுதும்போது நன்கொடையாளர் படத்தோடு நின்றுவிடக் கூடாது. கல்வெட்டைப் படியெடுத்தவர், சுவடியைக் காத்தவர், செவிவழிச் செய்தியைச் சொன்ன முதியவர் ஆகியோரின் பெயரும் படமும் அதே பக்கத்தில் இடம்பெற வேண்டும். ஹிக்கி 1816-இல் செய்ததை நாம் செய்யத் தவறினால் அந்தக் குறை நம்முடையதே.