முதலில் புகலிடம், பின்னர் பாடம்: வீடற்ற சிறாரின் கல்வியும் வக்ஃப் மரபும்

திருக்குர்ஆனின் 93ஆம் அத்தியாயமாகிய அள்ளுஹா, அண்ணல் நபி (ஸல்) அவர்களின் இளமையை நினைவூட்டும்போது மூன்று அருட்கொடைகளை வரிசையாகக் கூறுகின்றது. தந்தையற்ற நிலையில் புகலிடம் அளிக்கப்பட்டது முதலாவது. வழி காட்டப்பட்டது இரண்டாவது. வறுமை நீக்கப்பட்டது மூன்றாவது. இவ்வரிசையைச் சட்ட விதியாகக் கொள்வதற்கில்லை. எனினும் புகலிடம் வழிகாட்டுதலுக்கு முன்னால் நிற்பது ஆழ்ந்த சிந்தனைக்குரியது. தலை சாய்க்க இடமின்றித் தெருவோரத்தில் உறங்கி எழும் பிள்ளைக்குப் பள்ளிக்கூடத்தின் கதவைத் திறந்து வைத்தால் மட்டும் போதுமா என்னும் வினாவை இஸ்லாமிய வரலாற்றின் வழியே ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஹிஜ்ரி 2இல் (கி.பி. 624) கிப்லா மாற்றப்பட்ட பின்னர், மஸ்ஜிதுன் நபவியின் பிற்பகுதியில் கூரையிடப்பட்ட இடம் ‘ஸுஃப்பா’ எனப் பெயர் பெற்றது. மதீனாவில் வீடோ உறவினரோ இல்லாத ஏழை முஹாஜிர்கள் அங்கே தங்கினர். திண்ணைத் தோழர்கள் என்று நாம் போற்றும் இவர்களின் தொகை காலத்திற்கேற்பக் கூடியும் குறைந்தும் வந்தது. அவர்களுக்கு உணவளிக்கும் பொறுப்பை நபி (ஸல்) அவர்கள் சமுதாயத்தின் மீது பகிர்ந்து வைத்தார்கள். இருவருக்கு உணவுள்ளவர் மூன்றாமவர் ஒருவரை அழைத்துச் செல்ல வேண்டும் என்பது ஏற்பாடு. அதே திண்ணையில் உபாதா பின் ஸாமித் (ரலி) அவர்கள் எழுத்தும் குர்ஆனும் கற்பித்தார்கள். மாணவர் ஒருவர் அன்பளிப்பாகத் தந்த வில்லை ஏற்பதைக்கூட நபி (ஸல்) அவர்கள் கண்டித்த செய்தி அபூதாவூதில் பதிவாகியுள்ளது. கூரை, உணவு, கட்டணமற்ற கல்வி ஆகிய மூன்றும் ஒரே இடத்தில் ஒன்றுசேர்ந்த முதற்காட்சி இதுவே. நபிமொழிகளை மிகுதியாக அறிவித்த அபூஹுரைரா (ரலி) அவர்கள் இத்திண்ணையில் பசியோடு அமர்ந்திருந்தவர்களுள் ஒருவர் என்பதை நாம் மறத்தலாகாது.

பிற்காலத்து ஃபிக்ஹ் நூல்கள் ‘லகீத்’, அதாவது கண்டெடுக்கப்பட்ட குழந்தை, என்னும் பொருளுக்குத் தனி இயலே ஒதுக்கியுள்ளன. அழிவுக்கு ஆளாகும் நிலையிலுள்ள குழந்தையை எடுத்துக் காப்பது ஃபர்ளு கிஃபாயா. அதாவது, ஒருவரும் செய்யாவிடில் ஊரே குற்றவாளியாகும். அத்தகைய குழந்தை சுதந்திரமானது என்றும், அதன் செலவு பைத்துல்மாலைச் சார்ந்தது என்றும் கலீஃபா உமர் (ரலி) அவர்கள் அளித்த தீர்ப்பு இவ்வியலுக்கு அடித்தளமாக விளங்குகின்றது. குழந்தையின் பெற்றோர் யார் என்னும் கேள்விக்கு விடை கிடைக்கும் வரை அதன் உரிமை காத்திருக்க வேண்டியதில்லை என்பதே இத்தீர்ப்பின் சாரம்.

அறிஞர் பெருமக்களின் வரலாறும் இதே உண்மையைப் பேசுகின்றது. கி.பி. 767இல் காஸாவில் பிறந்து, தந்தையை இழந்து, மக்காவில் ஏழைத் தாயின் அரவணைப்பில் வளர்ந்த இமாம் ஷாஃபியீ (ரஹ்) அவர்களால் ஆசிரியருக்குக் கூலி கொடுக்க இயலவில்லை. ஆசிரியர் இல்லாத வேளையில் பிற சிறுவர்களுக்குப் பாடம் சொல்லித் தந்தமையால், அவரிடம் கூலி கேட்காமலே கற்பிக்க ஆசிரியர் இசைந்தார். இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்களும் அவருடைய சகோதரரும் தந்தை விட்டுச் சென்ற சிறு பொருள் தீர்ந்தபின், உணவு கிடைக்கும் என்பதற்காகவே மத்ரஸாவில் சேருமாறு அறிவுறுத்தப்பட்டனர் என்று வரலாற்றாசிரியர் ஸுப்கீ எழுதியுள்ளார். உணவை நாடிச் சென்ற இடத்திலேயே அறிவு அவரைப் பற்றிக்கொண்டது. அந்த மத்ரஸாவில் உணவு இல்லாதிருந்தால் ‘இஹ்யா’ என்னும் பெருநூல் நமக்குக் கிட்டியிருக்குமோ!

தனிமனிதரின் இரக்கத்தை நிலையான அமைப்பாக மாற்றியது வக்ஃப் ஆகும். 1183இல் எகிப்துக்கு வந்த ஸ்பெயின் நாட்டுப் பயணி இப்னு ஜுபைர், ஏழைகளின் பிள்ளைகளுக்கும் அநாதைகளுக்கும் குர்ஆன் கற்பிக்க ஸுல்தான் ஸலாஹுத்தீன் பள்ளிகள் அமைத்ததை வியந்து குறித்தார். மறு ஆண்டு டமாஸ்கஸில், அநாதைகளுக்கென அமைந்த பெரிய பள்ளியொன்றையும், ஆசிரியரின் ஊதியமும் சிறுவர்களின் உணவும் உடையும் அதன் வக்ஃபிலிருந்தே வழங்கப்படுவதையும் பதிவு செய்தார்.

மம்லூக்கியர் காலத்தில் இம்மரபு கட்டடக்கலையிலும் உருப்பெற்றது. கீழ்த்தளத்தில் வழிப்போக்கருக்குக் குடிநீர் வழங்கும் ‘ஸபீல்’, மேல்தளத்தில் அநாதைச் சிறுவர்களுக்கான ‘குத்தாப்’ என்னும் அமைப்பு கெய்ரோவின் அடையாளமாயிற்று. ஸுல்தான் காயித்பே 1479இல் எழுப்பிய கட்டடமும், உஸ்மானியர் ஆட்சியில் அப்துர் ரஹ்மான் கத்குதா 1744இல் எழுப்பிய கட்டடமும் இன்றும் அதற்குச் சான்று பகர்கின்றன. இத்தகைய பள்ளிகளுக்கான வக்ஃப் பத்திரங்களில் அன்றாட ரொட்டி, கோடைக்கும் குளிருக்கும் தனித்தனி உடை, பலகை, மை, எழுதுகோல், அமரும் பாய் ஆகிய அனைத்தும் கணக்கிட்டு எழுதப்பட்டன. ரொட்டியையும் ஆடையையும் தருமக் கணக்கில் ஒதுக்கிவிடாமல் பள்ளிக்கூடத்தின் செலவாகவே அவர்கள் கருதினர். அப்பத்திரங்களின் தலையாய படிப்பினை இதுவென்பது எமது கருத்து.

ஆயினும் முன்னோரின் பெருமையை மட்டும் பேசி அமைவது வரலாற்றுக்கு நீதியாகாது. அவ்வமைப்பில் மூன்று இடைவெளிகள் இருந்தன. முதலாவது, பத்திரம் குறிப்பிட்ட எண்ணிக்கைக்கு மேல் வந்த பிள்ளைக்கு இடமில்லை. இரண்டாவது, ‘யதீம்’ என்னும் சொல் பருவமடையாத, தந்தையை இழந்த பிள்ளையையே குறிக்கும் என்பதால், பருவமடைந்தவுடன் குத்தாபிலிருந்து விலக்குவது பொது விதியாயிற்று. மத்ரஸாவுக்குச் சென்றோர் சிலரே. ஏனைய இளைஞர் மீண்டும் தெருவுக்கே திரும்பினர். மூன்றாவது, இப்பள்ளிகள் பெரும்பாலும் சிறுவர்களுக்கே அமைந்தன. சிறுமியர் அவ்வாசலுக்கு வெளியே நின்றனர்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இவ்விடைவெளிகளுள் சிலவற்றை நிரப்ப முயற்சிகள் எழுந்தன. உஸ்மானிய ஆளுநர் மித்ஹத் பாஷா 1860களில் நிஷ், ருஸ்சுக் முதலிய பால்கன் நகரங்களில் ‘இஸ்லாஹ்கானா’ என்னும் இல்லங்களை நிறுவினார். தெருவில் திரிந்த முஸ்லிம், கிறிஸ்தவச் சிறுவர்கள் அங்கே ஒன்றாகத் தங்கி, எழுத்தும் தையல், காலணி செய்தல் போன்ற தொழில்களும் கற்றனர். போற்றத்தக்க முயற்சியே எனினும், ‘சீர்திருத்த இல்லம்’ எனப் பொருள்படும் அப்பெயரே ஒரு குறையைக் காட்டிக்கொடுக்கின்றது. வீடின்மை அப்பிள்ளையின் குற்றமன்று. திருத்தப்பட வேண்டியது பிள்ளையைத் தெருவில் விட்ட சமுதாயமே. இஸ்தான்புல்லில் 1863இல் தோன்றிய கல்விச் சங்கமொன்று 1873இல் திறந்த ‘தாருஷ் ஷஃபகா’ என்னும் பள்ளியோ ‘பரிவின் இல்லம்’ என்று தனக்குப் பெயரிட்டுக்கொண்டது. தந்தையற்ற ஏழைச் சிறுவருக்கு உண்டி, உறையுள், உயர்தரக் கல்வி ஆகியவற்றை அது வழங்கியது. சிறுமியர்க்கு அதன் வாசல் திறந்தது 1971இல்தான்.

நமக்கு அண்மையிலுள்ள மலபாரும் பாடம் சொல்கின்றது. 1921ஆம் ஆண்டுக் கிளர்ச்சியில் ஆதரவிழந்த பிள்ளைகளுக்காக, பஞ்சாபைச் சேர்ந்த மௌலானா அப்துல் காதிர் கஸூரி அவர்களின் முயற்சியால் 1922இல் கோழிக்கோட்டில் ஜே.டி.டி. இஸ்லாம் அநாதை நிலையம் உருவாயிற்று. காலரா கொள்ளைநோய் குடும்பங்களைக் குலைத்த 1943இல் திரூரங்காடி அநாதை நிலையம் எழுந்தது. அங்கிருந்தே 1968இல் ஒரு கல்லூரியும் கிளைத்தது. குத்தாபின் படியோடு நின்றுவிட்ட பழைய ஏணி, இங்கே பட்டப்படிப்பு வரை உயர்ந்தமை குறிப்பிடத்தக்கது.

இனி நம் காலத்திற்கு வருவோம். 2010 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த இந்தியக் கல்வி உரிமைச் சட்டம், வயதுச் சான்று இல்லை என்பதற்காக எப்பிள்ளைக்கும் சேர்க்கையை மறுக்கலாகாது என்கின்றது. ஆயினும் அச்சட்டத்தின் எல்லை 6 முதல் 14 வயது வரையே. பழைய பத்திரங்கள் பருவமடைதலில் நிறுத்திய கோட்டை, ஏறத்தாழ அதே இடத்தில் புதிய சட்டமும் நிறுத்தியுள்ளது. 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டமோ, வீடோ நிலையான தங்குமிடமோ பிழைக்க வழியோ இன்றிக் காணப்படும் 18 வயதுக்குட்பட்ட எவரையும் பாதுகாப்புக்குரியவராகக் கொள்கின்றது. தந்தை உயிரோடிருக்கிறாரா என்று அது கேட்பதில்லை.

நம்மிடையேயோ அநாதை நிலையத்தில் சேர்க்கத் தந்தையின் இறப்புச் சான்றிதழைக் கேட்கும் வழக்கம் இன்றும் உண்டு. தந்தை சிறையிலிருக்கும் பிள்ளை, குடும்பத்தோடு நடைபாதையில் உறங்கும் பிள்ளை, வீட்டை விட்டு ஓடிவந்த பிள்ளை ஆகியோர் சொல்லின் இலக்கணப்படி யதீம் அல்லர். ஆனால் மார்க்கம் அவர்களைக் கைவிடவில்லை. ஸகாத் பெறுவோருள் ஏழைகளும் தேவையுடையோரும் முதலிடம் பெறுகின்றனர். ‘இப்னுஸ் ஸபீல்’ என்னும் சொல் கண்டெடுக்கப்பட்ட குழந்தையையும் தழுவும் என்று ‘தஃப்ஸீருல் மனார்’ ஆசிரியர் ரஷீத் ரிளா கருதினார். ஆகவே தடை ஷரீஅத்தில் இல்லை. நம் சேர்க்கைப் படிவத்தில்தான் இருக்கின்றது.

வக்ஃப் பொறுப்பாளர்களும் மத்ரஸா நிர்வாகிகளும் மூன்று காரியங்களைச் செய்தல் வேண்டும். வரும் பிள்ளையை அன்றைக்கே சேர்த்து உணவும் படுக்கையும் அளித்துவிட்டு, சிறார் நலக் குழுவுக்கு உடன் தெரிவித்து, சான்றிதழ்களைப் பின்னர் தேடட்டும். பதினான்கு வயதோடு கைவிடாமல், ஒரு தொழிலிலோ பட்டத்திலோ நிலைபெறும் வரை துணைநிற்கட்டும். சிறுமியர்க்குச் சமமான இடம் ஒதுக்கட்டும். இவற்றிற்குப் புதிய தத்துவம் எதுவும் தேவையில்லை. ரொட்டியையும் குளிர்கால உடையையும் பாடத்தின் பகுதியாகவே எழுதிவைத்த அப்பழைய பத்திரங்களை விடுபட்ட இடங்களை நிரப்பி மீண்டும் எழுதினாலே போதும்.