காலனி: ஒரு சொல்லும் இரண்டு முகவரிகளும்

வேளச்சேரியில் ஏ.ஜி.எஸ். காலனி என்று ஒரு இடம் இருக்கிறது. அந்த முகவரியில் 'சேரி'யும் உண்டு, 'காலனி'யும் உண்டு. அங்கே ஒரு கிரவுண்டு வாங்க முடிந்தவர் அதை நாலு பேரிடம் பெருமையாகத்தான் சொல்லுவார். அதே செங்கல்பட்டுச் சீமையில் கொஞ்சம் தெற்கே இறங்கி, ஏதாவது ஒரு கிராமத்து டீக்கடையில் "காலனி எந்தப் பக்கம்?" என்று கேட்டுப் பாருங்கள். வழி சொல்வதற்கு முன்னால் உங்களை மேலும் கீழும் பார்ப்பார்கள். நீங்கள் யார், அங்கே உங்களுக்கு என்ன வேலை என்பதெல்லாம் அந்தப் பார்வையில் இருக்கும்.

2025 ஏப்ரல் 29 அன்று முதலமைச்சர் மு.க.ஸ்டாலின் சட்டமன்றத்தில், 'காலனி' என்ற சொல் அரசு ஆவணங்களிலிருந்தும் பொதுப் புழக்கத்திலிருந்தும் நீக்கப்படும் என்று அறிவித்தார். ஆதிக்கத்தின், தீண்டாமையின் குறியீடாக அது மாறிவிட்டது என்பது அவர் சொன்ன காரணம். அறிவிப்பு வந்த கையோடு தாம்பரம் பக்கத்து நண்பர்கள் சிலர் என்னிடம் கேட்டார்கள்: "அப்போ ரயில்வே காலனி? பேங்க் காலனி? அதையும் எடுத்துடுவாங்களா?" கிண்டலாகக் கேட்டார்களா, உண்மையாகவே புரியாமல் கேட்டார்களா என்று தெரியவில்லை. ஆனால் கேள்வி நல்ல கேள்வி. ஒரே சொல் ஒரு தெருவில் கௌரவமாகவும் அடுத்த தெருவில் வசையாகவும் இருப்பது எப்படி?

சொல்லின் ஊரிலிருந்தே தொடங்குவோம். லத்தீனில் 'கோலோனுஸ்' என்றால் உழவன். 'உழுவது' என்ற பொருள் கொண்ட வினையிலிருந்து வந்தது. ரோமானியர்கள் தாங்கள் பிடித்த நிலத்தில் ஓய்வுபெற்ற படைவீரர்களுக்கும் குடிமக்களுக்கும் நிலம் பிரித்துக் கொடுத்து உண்டாக்கிய ஊர் 'கோலோனியா'. ஜெர்மனியின் கொலோன் நகரத்தின் பெயரே அதுதான். ஆகக் காலனி என்றால் முதலில் நிலம் பெற்றவனின் ஊர். பிறகு என்ன ஆயிற்று என்பதுதான் சுவாரசியம். ரோமப் பேரரசின் கடைசிக் காலத்தில் அதே 'கோலோனுஸ்' என்ற சொல், நிலத்தை விட்டு நகர முடியாத குத்தகை உழவனைக் குறிக்க ஆரம்பித்தது. தப்பி ஓட நினைக்கும் உழவர்களை விலங்கு பூட்டலாம் என்று கி.பி. 332-இல் கான்ஸ்டன்டைன் பேரரசர் சட்டமே போட்டார். நில உரிமையாளன் என்ற பொருளில் பிறந்த சொல் பண்ணையாள் என்ற பொருளுக்கு இறங்க மூன்று நான்கு நூற்றாண்டுகள் போதுமானதாக இருந்தன. நம் ஊர்ப் படியாள் கதையைப் படிப்பது போலவே எனக்கு இருந்தது.

அதன் பிறகு ஐரோப்பியர்கள் கப்பல் ஏறினார்கள். காலனி என்பது அடுத்தவர் நாடு என்றானது. நாம் அறிந்த காலனி ஆதிக்கம் அது. அதைப் பற்றி நிறைய எழுதியாகிவிட்டது, அதை விட்டுவிடுகிறேன்.

நம் பக்கத்துக்கு வந்தால், காலனிக்கு முன்னால் அந்த இடத்தில் நின்ற சொல் 'சேரி'. சேர்ந்து வாழும் இடம் சேரி. அவ்வளவுதான் அதன் பொருள். பீர்க்கன்கரணையிலிருந்து காலையில் கிளம்பினால் மதியத்துக்குள் திரும்பிவிடக்கூடிய தூரத்தில் உத்திரமேரூர் இருக்கிறது. குடவோலைத் தேர்தல் என்று பாடப்புத்தகத்தில் கொண்டாடப்படும் முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள் (919, 921) அங்கேதான் உள்ளன. அந்தப் பிராமணர் ஊர் 30 குடும்புகளாகவும் 12 சேரிகளாகவும் பிரிக்கப்பட்டிருந்தது. ஆம், சேரிகள்! பிராமணர்கள் சேரியில்தான் இருந்தார்கள். அந்தச் சபையில் நிற்க நிலமும் வீடும் வேதப் படிப்பும் வேண்டும் என்ற நிபந்தனையைப் பாடப்புத்தகம் வேகமாகத் தாண்டிவிடும், அது வேறு விஷயம்.

அடுத்த நூறு ஆண்டுகளுக்குள், ராஜராஜன் காலத் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் வரி நீக்கப்பட்ட நிலங்களின் பட்டியல் வருகிறது. ஊர்நத்தம் ஒரு பக்கம். கம்மாணசேரி, ஈழச்சேரி, பறைச்சேரி தனித்தனியாக. கூடவே 'தீண்டாச்சேரி' என்ற சொல்லும். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னால் கல்லில் வெட்டிய சொல் அது. தீண்டாமை வெள்ளைக்காரன் கொண்டுவந்தது என்று இன்றைக்கும் மேடைபோட்டுச் சொல்கிறவர்கள் ஒருமுறை தஞ்சாவூர் போய்வரலாம்.

'ஊர்' ஒன்றாகவும் 'சேரி' மற்றொன்றாகவும் பிரிந்த பிறகு, சேரி என்ற சொல் கீழே போனது. தமிழிலக்கண ஆசிரியர்கள் இதை 'இழிபொருட்பேறு' என்பார்கள். நறுமணத்தைக் குறித்த 'நாற்றம்' துர்நாற்றமானதை உதாரணம் காட்டுவார்கள். எனக்கு அந்த உதாரணத்தில் எப்போதும் ஒரு குறை உண்டு. நாற்றம் என்ற சொல் இறங்கியதால் யாரும் எதையும் இழக்கவில்லை. சேரி இறங்கியதில் மனிதர்கள் இருக்கிறார்கள். அதோடு, சொல் எல்லா இடத்திலும் இறங்கவும் இல்லை. வேளச்சேரி, செம்மஞ்சேரி, புதுச்சேரி என்று ஊர்ப் பெயரின் வாலில் ஒட்டிக்கொண்டிருக்கும்போது அது சுத்தமாகவே இருக்கிறது. அதே சொல் தனியாக நின்றால் அழுக்கு. எழுத்தும் ஒலிப்பும் ஒன்றாக இருக்கும்போது அழுக்கு எங்கிருந்து வந்தது என்பதை வாசிப்பவர்கள் யோசிக்கலாம்.

இந்த இடத்தில் செங்கல்பட்டு கலெக்டர் ட்ரெமென்ஹீரைச் சொல்லாமல் போக முடியாது. பீர்க்கன்கரணை, தாம்பரம் எல்லாம் அன்று அவருடைய மாவட்டம். 1891-இல் அவர் செங்கல்பட்டுப் பறையர்களின் நிலை பற்றி அரசுக்கு எழுதிய அறிக்கையில் நிலத்தைப் பற்றி மட்டுமல்ல, குடியிருக்கும் மனையைப் பற்றியும் எழுதினார். குடிசை போட்ட இடம்கூட மிராசுதாரின் பிடியில் இருந்தது. கூலி போதவில்லை என்று சொன்னால், வேறு பண்ணைக்குப் போகிறேன் என்று சொன்னால், குடிசையைக் காலிசெய் என்று விரட்டலாம். சேரி என்பது அடிமைத்தனத்தைத் தக்கவைக்கும் கயிறாக இருந்தது. அந்த அறிக்கையைத் தொடர்ந்து 1892-இல் வந்த ஆணைகளில்தான் பஞ்சமி நிலத்தின் கதை தொடங்குகிறது. சுமார் 12 லட்சம் ஏக்கர் ஒதுக்கப்பட்டதாகப் பரவலாகச் சொல்லப்படும் அந்த நிலத்தைத் திருப்பிக் கேட்ட போராட்டத்தில்தான் 1994 அக்டோபரில் செங்கல்பட்டில் துப்பாக்கிச்சூடு நடந்து ஜான் தாமஸும் ஏழுமலையும் கொல்லப்பட்டார்கள்.

பெயரை மாற்றக் கேட்டதும் நம்மவர்கள்தான். பரங்கிமலையில் பிறந்த எம்.சி.ராஜா 1922-இல் சென்னை சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்து, அரசு ஆவணங்களில் 'ஆதிதிராவிடர்' என்ற பெயரைப் பெற்றுத்தந்தார். பெயர் மாற்றம் சும்மா என்று இன்று ஒதுக்குகிறவர்கள் இதை நினைத்துப் பார்க்க வேண்டும். அது தானமாக வந்த பெயர் அல்ல, தாமே தேர்ந்துகொண்ட பெயர். பத்தாண்டு கழித்து காந்தி 'ஹரிஜன்' என்ற பெயரைப் பரப்பினார். அது மேலிருந்து ஒட்டப்பட்ட பெயர். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் நமக்குத் தெரியும். அரசாங்கத்துக்குத் தெரியவில்லை. 1949-இல் துறை தொடங்கியபோது அதற்கு 'ஹரிஜன நலத்துறை' என்றுதான் பெயர் வைத்தது.

'காலனி' வந்த வழி இதுதான். 1920-களில் தொழிலாளர் ஆணையர் துறை மனை வாங்கிக் கொடுக்க ஆரம்பித்தது. அந்தத் துறை நடத்திய பள்ளிகளை எங்கள் தாத்தா தலைமுறையினர் 'லேபர் ஸ்கூல்' என்றுதான் சொல்லுவார்கள். விடுதலைக்குப் பிறகு வேகம் கூடியது. 1978-இல் அரிசன நலத்திட்டங்களுக்காக நிலம் எடுக்கத் தனிச் சட்டமே வந்தது. வரிசை வரிசையாக ஒரே அளவில் வீடுகள், ஒரு கைப்பம்பு, ஒரு பெயர்ப்பலகை. சேரி என்ற பழைய இழிவை விட்டு, நகரத்து நவீன வாசனையோடு ஒரு பெயர் கொடுத்தார்கள்: காலனி. கெட்ட எண்ணத்தோடு செய்ததாக நான் நினைக்கவில்லை. மிராசுதார் துரத்த முடியாத, பட்டா உள்ள மனை என்பது சின்ன விஷயமல்ல. ஆனால் அந்த மனை எங்கே இருந்தது? ஊரை விட்டுத் தள்ளி, ஏரிக்கரைக்குக் கீழே, சுடுகாட்டுப் பாதையில். ஊருக்குள் நிலம் எடுக்க எந்த அதிகாரிக்கும் துணிச்சல் வரவில்லை. ஊர் போட்ட பிரிவினைக் கோட்டை அரசாங்கமே அளந்து கல் நட்டுக் கொடுத்தது. பிறகு பெயர் எத்தனை நாள் சுத்தமாக இருக்கும்? 'காலனிக்காரன்', 'காலனிப் பசங்க' என்பதெல்லாம் ஒரே தலைமுறையில் வந்துவிட்டன. சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வரும். காலனி என்று சொன்னால் முகவரிதானே சொன்னேன் என்று தப்பிக்கலாம்.

வட்டாரத்துக்கு வட்டாரம் இது மாறும். டெல்டாவில் 'தெரு' என்று சாதாரணமாகச் சொன்னாலே எந்தத் தெரு என்று தெரியும். கொங்கில் 'வளவு'. இந்த வளவு என்ற சொல்லின் பயணம் தனிக்கட்டுரைக்குரியது. கொங்குக் கிராமத்தில் அருந்ததியர் குடியிருப்போடு சேர்த்துச் சொல்லப்படும் அதே சொல், செட்டிநாட்டு வீட்டில் நடுவே இருக்கும் முற்றப் பகுதி. யாழ்ப்பாணத்தில் வேலியடைத்த வீட்டு மனை. சிங்களத்தில் போய் 'வலவ்வ' ஆகி, நிலப்பிரபுக்களின் மாளிகையைக் குறிக்கிறது. கடலைத் தாண்டியதும் சொல் அரண்மனைக்குக் குடிபோய்விட்டது!

காலனியும் அப்படித்தான். டெல்லியில் டிஃபென்ஸ் காலனி, நியூ ஃபிரெண்ட்ஸ் காலனி என்றால் பணக்காரர்கள் பகுதி. இலங்கையின் கிழக்கில், 1950-களின் கல்லோயாத் திட்டத்துக்குப் பிறகு, 'கொலனி' என்ற சொல்லைத் தமிழர்கள் அரசு முன்னின்று நடத்திய சிங்களக் குடியேற்றத்தின் அச்சத்தோடுதான் கேட்டார்கள். அங்கே காலனிக்காரர் அரசின் பலத்தோடு வந்தவர். இங்கே காலனிக்காரர் ஊரின் பலத்தால் ஒதுக்கப்பட்டவர்.

அறிவியலில் இந்தச் சொல்லுக்கு எந்தப் பகையும் இல்லை. எறும்புக்கும் பென்குவினுக்கும் காலனி உண்டு. ஆய்வகத் தட்டில் ஒரே கிருமி பெருகி, கண்ணுக்குத் தெரியும் புள்ளியாக வளர்ந்தால் அது ஒரு காலனி. அந்தத் தட்டை 1887-இல் வடிவமைத்தவர் பெட்ரி. தட்டில் ஊற்றும் அகார் என்ற கடல்பாசிக் கூழை அதற்குச் சில ஆண்டுகள் முன்பே யோசனை சொன்னவர் ஃபேனி ஹெஸ்ஸே என்ற பெண். டச்சுக்காரர்களின் காலனியாக இருந்த ஜாவாவில் வாழ்ந்தவர்களிடமிருந்து அவர் அறிந்த சமையல் பொருள் அது. காலனியிலிருந்து வந்த கூழில் காலனி வளர்த்தார்கள்.

குடிநீர்ப் பரிசோதனை அறிக்கையில் இன்றும் கிருமிகளைக் 'காலனி'க் கணக்கில் எழுதுகிறார்கள். நூறு மில்லி குடிநீரில் ஈ.கோலை கிருமி ஒன்றுகூட இருக்கக்கூடாது என்பது இந்தியத் தரநிலை. களப்பணியில் இந்த அறிக்கைகளைக் கையில் வாங்கும்போதெல்லாம், காலனியில் எடுத்த தண்ணீரில் எத்தனை காலனி என்று எண்ணிப் பார்க்கிற கொடுமை எனக்கு உறைக்கும். 2022 டிசம்பரில் வேங்கைவயலில் தலித் மக்களின் மேல்நிலைத் தொட்டியில் மலம் கலக்கப்பட்டதற்குப் பிறகு இந்தச் சிலேடையில் சிரிக்க ஒன்றும் இல்லை.

கேரளா நமக்கு முந்திக்கொண்டது. 2024 ஜூனில், அமைச்சர் கே.ராதாகிருஷ்ணன் பதவி விலகிய நாளில் கடைசியாகக் கையெழுத்திட்ட ஆணை, 'காலனி', 'சங்கேதம்', 'ஊரு' என்ற சொற்களை நீக்கி 'நகர்', 'உன்னதி', 'பிரக்ருதி' போன்ற பெயர்களைப் பரிந்துரைத்தது. அவரே பட்டியல் சாதியைச் சேர்ந்தவர். அங்கே வாழும் மக்களுக்கு அந்தச் சொல் தாழ்வுணர்ச்சி தருகிறது என்றார். நான் அதை நம்புகிறேன். கண்ணகி நகர், பெரும்பாக்கம், செம்மஞ்சேரிப் பிள்ளைகள் வேலைக்கு விண்ணப்பிக்கும்போது முகவரியை மறைப்பதை இந்தப் பகுதியில் வேலை செய்கிற எவரும் பார்த்திருப்பார்கள். ஆனால் கவனியுங்கள்: கண்ணகி நகர் ஏற்கெனவே 'நகர்'தான். சிலப்பதிகார நாயகியின் பெயரும் அதைக் காப்பாற்றவில்லை. 1970-இல் தொடங்கிய குடிசை மாற்று வாரியம் 2021-இல் 'நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம்' ஆனது. மக்கள் வாயில் அது இன்னும் 'போர்டு வீடு'தான். நகரத்தின் ஓரத்துக்குத் தள்ளி, பஸ் இல்லாத இடத்தில் வீடு கட்டிக் கொடுத்துவிட்டு எந்தப் பெயரை வைத்தாலும் பத்து வருடத்தில் கறை ஏறிவிடும்.

அதற்காகப் பெயரை மாற்ற வேண்டாம் என்று சொல்பவர்களோடு நான் இல்லை. "பெயரில் என்ன இருக்கிறது" என்று கேட்கிறவர்கள் பெரும்பாலும் தங்கள் பெயரால் அடிபடாதவர்கள். இதில் எனக்குக் கவலை தருவது வேறொன்று. பீர்க்கன்கரணை பேரூராட்சியாக இருந்து 2021-இல் தாம்பரம் மாநகராட்சியோடு சேர்ந்தது. எங்கள் பக்கம் ஜி.எஸ்.டி. சாலையின் இருபுறமும் பழைய கிராமங்களின் மேல்தான் நகர்களும் அவென்யூக்களும் முளைத்திருக்கின்றன. மனைப்பிரிவு போடுகிறவர் தரும் பெயர் மறுநாளே வரைபடத்தில் ஏறிவிடுகிறது. ஏரிக்கரையில் மூன்று தலைமுறையாக இருக்கும் குடியிருப்பு மட்டும் எந்தப் பெயரில் இருந்தாலும் 'ஆக்கிரமிப்பு' ஆகிவிடுகிறது. அப்படி வெளியேற்றப்படும் நாளில், நான் இங்கே இருந்தேன் என்று காட்ட அந்தக் குடும்பத்தின் கையில் இருப்பது பழைய பெயர் அச்சடித்த காகிதங்கள்தான்: மனைப்பட்டா, வீட்டுவரி ரசீது, மின் இணைப்பு அட்டை, ரேஷன் அட்டை.

ஆகையால் உங்கள் குடியிருப்புக்குப் புதிய பெயர் வைக்கக் கூட்டம் போட்டால், பெயரைத் தேர்ந்தெடுப்பது அங்கே வசிப்பவர்களாக இருக்கட்டும். தீர்மானத்தில் இன்னொரு வரியும் சேர்த்துக்கொள்ளுங்கள்: பழைய பெயரும் புதிய பெயரும் ஒரே இடம்தான் என்று சர்வே எண்ணோடு வட்டாட்சியர் எழுத்தில் சான்று தர வேண்டும், ஆதார், பட்டா, வாக்காளர் அட்டைத் திருத்தங்களுக்கு இ-சேவை மையத்துக்கு அலையவிடாமல் அங்கேயே முகாம் போட்டுக் கட்டணமின்றிச் செய்துதர வேண்டும். மனுவின் நகலில் சீல் வாங்கி வைத்துக்கொள்ள மறக்காதீர்கள்.